கண்ணாடியைப் பிடிக்கும் சிலனால்

எங்கள் கம்பெனி பஸ்ஸில் எல்லாருக்கும் எல்லாமே சிலிகான்தான். செல்போன் உறை சிலிகான். பாத்ரூம் குழாயைச் சுற்றி அடைக்கிற பசை சிலிகான். தோசைக்கல்லில் எண்ணெய் தடவுகிற பிரஷ் சிலிகான். போனுக்குள் இருக்கிற சிப்பும் அதே சிலிகான். காலங்காத்தாலே காதில் இதெல்லாம் விழுந்தால் எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வரும். சிப்பில் இருப்பது சிலிக்கன் என்கிற தனிமம். பசையில் இருப்பது சிலிக்கோன், அதாவது சிலிக்கனும் ஆக்சிஜனும் மாறி மாறிக் கோத்துக்கொண்டு போகிற நீளமான சங்கிலி. இரண்டும் ஒன்று என்றால் நெல்லும் இட்லியும்கூட ஒன்றுதான். செவிலிமேட்டில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்து ஹார்டுவேர் கடையில் ஒருமுறை இதை விளக்கப் போனேன். கடைக்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "மேடம், டியூப் வேணுமா வேணாமா?" என்றார். வேண்டும் என்று வாங்கிக்கொண்டு வந்தேன்.

ஆனால் நான் உண்மையில் மயங்கிக் கிடப்பது இந்த இரண்டு வார்த்தைகளுக்கும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் யாரும் கண்டுகொள்ளாத ஒரு வார்த்தை இருக்கிறது: சிலனால். ஒரு சிலிக்கன் அணு, அதன் மேல் ஓர் ஆக்சிஜன், அதன் மேல் ஒரு ஹைட்ரஜன். இந்தச் சின்ன அமைப்புக்குத்தான் அந்தப் பெயர். கல்லூரியில் இதை ஒரு மார்க் கேள்விக்கு உருப்போட்டு, எழுதி, மறந்தும் போனேன். வேலைக்கு வந்த பிறகுதான் அது உயிரோடு நடமாடுகிற வார்த்தை என்று தெரிந்தது.

எங்கள் வேலை பஸ்களுக்கான பெரிய கண்ணாடிகளைச் சட்டத்தில் ஒட்டுவது. கம்பெனி ஸ்ரீபெரும்புதூர் போகிற வழியில் இருக்கிறது, சின்னதுதான். கண்ணாடியின் மேல் பசையை நேராகத் தடவினால் அது நிற்காது. கண்ணாடிக்கும் பசைக்கும் ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. அதனால் முதலில் பிரைமர் என்கிற கறுப்புத் திரவத்தைக் கண்ணாடியின் ஓரத்தில் மெல்லிசாக இழுத்துக் காயவிடுவோம். அந்தப் பிரைமருக்குள் இருப்பது சிலேன். சிலிக்கனுக்கு நான்கு கை என்று வைத்துக்கொள்ளுங்கள். சிலேனில் ஒரு கை பசையோடு சேரக்கூடிய பொருளைப் பிடித்திருக்கும். மற்ற மூன்றும் எளிதில் விட்டுவிடக்கூடிய எதையோ பிடித்திருக்கும். காற்றிலுள்ள ஈரம் பட்டதும் அந்த மூன்றும் பிடித்ததை விட்டுவிடும். விட்ட இடத்தில் ஆக்சிஜனும் ஹைட்ரஜனும் வந்து உட்காரும். அப்போது அதன் பெயர் சிலனால்.

இதில் எனக்குப் பிடித்த சங்கதி இனிமேல்தான் வருகிறது. கண்ணாடியின் மேற்பரப்பு முழுக்க ஏற்கெனவே சிலனால்தான். அதையும் அதே பெயரில்தான் சொல்கிறார்கள். பிரைமரின் சிலனாலும் கண்ணாடியின் சிலனாலும் சந்தித்தால், நடுவிலிருந்து ஒரு துளி தண்ணீரை வெளியே தள்ளிவிட்டு இரண்டும் ஒன்றாகிவிடும். அந்தப் பிணைப்பின் பெயர் சிலாக்சேன். ஒரு பக்கம் கண்ணாடி, மறுபக்கம் பசை, இனி யார் இழுத்தாலும் வராது. சிலனால் என்று ஒன்று இருந்ததே அப்போது தெரியாது. வேலையை முடித்துவிட்டுப் பெயர்கூட வைத்துக்கொள்ளாமல் போய்விடுகிற அதன் மேல் எனக்கு அப்படி ஒரு மரியாதை. கூரம் பக்கத்தில் அடுத்தவர் நிலத்தில் கூலி வேலை செய்து என்னைப் படிக்க வைத்தவர் எங்கள் அப்பா. ஞாயிறு மத்தியானம் கோவிலிலிருந்து வந்து சாப்பிட்ட பிறகு அவரிடம் இதைச் சொல்லியிருக்கிறேன். "இதுக்கா சம்பளம் குடுக்குறாங்க?" என்று கேட்டார்.

எங்கள் பிரைமர் அறைக்கு ஒரு பெண் வந்து சேர்ந்தாள். என்னை மாதிரியே கெமிஸ்ட்ரி பட்டதாரி, என்னைவிடப் பதினைந்து வயதாவது சின்னவள். பிள்ளையார்பாளையத்துப் பட்டு நெசவுக்காரர் வீட்டில் பிறந்து, அதே தெருவில் இன்னொரு நெசவுக்காரர் வீட்டுக்கு மருமகளாகப் போனவள். வீட்டில் இன்றும் தறி ஓடுகிறது, புருஷனும் மாமியாரும் நெய்கிறார்கள். அவளுக்கும் நன்றாக நெய்யத் தெரியும். அவளுக்கு வேண்டியிருந்தது எங்கள் சோதனை அறை. படித்த படிப்பு அங்கேதான் உதவும், பிரைமர் பிரஷ்ஷைப் பிடிப்பதில் இல்லை. ஆனால் நிரந்தரம் ஆனவர்களைத்தான் சோதனை அறைக்கு எடுப்பார்கள். மாமியார் ஒரே வார்த்தையில் சொல்லியிருந்தார்: ஆறு மாதத்தில் நிரந்தரம் ஆனால் போ, இல்லையென்றால் தறிக்கு ஒரு ஆள் குறைகிறது, வீட்டில் இரு. இதை அவள் பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு சாதாரணமாகத்தான் சொன்னாள். சொல்லும்போது துப்பட்டாவின் நுனியைத் திருகிக்கொண்டே இருந்தாள்.

அவள் வேலை செய்வதைப் பார்க்க அழகாக இருக்கும். கண்ணாடியின் ஓரத்தில் பிரஷ்ஷை வைத்து இழுத்தால் கோடு எங்கேயும் தடிக்காது, எங்கேயும் விட்டுப்போகாது. மூலையில் மற்றவர்கள் நின்று யோசிப்பார்கள். அவள் கை தானாகத் திரும்பும். நான் பொறாமை பிடித்தவள்தான், ஆனால் அந்தக் கையைப் பார்த்துப் பொறாமைப்படக்கூடத் தோன்றவில்லை.

கத்திரி வெயில் வந்தது. பிரைமர் அறைச் சுவரில் ஈரப்பதம் காட்டுகிற மீட்டர் ஒன்று உண்டு, காற்றில் ஈரம் குறைந்தால் பிரைமரும் சரியாகப் பிடிக்காது, பசையும் சீக்கிரம் காயாது. வெளியே அனல், உள்ளே ஏசி, மீட்டர் முள் கீழே இறங்கிவிட்டது. சூப்பர்வைசர் அதைப் பார்த்துப் பார்த்துப் புலம்பிக்கொண்டிருந்தார். மறுநாள் காலை போனால் முள் சரியான இடத்தில் நிற்கிறது. பேக்கிங் பகுதியிலிருந்து இரண்டு கோணிச்சாக்குகளை எடுத்து, நனைத்துப் பிழிந்து, தன் மேஜைக்குப் பின்னால் ஜன்னல் கம்பியில் தொங்கவிட்டிருந்தாள் அவள். மேஜைக்கு அடியிலும் தண்ணீர் தெளித்திருந்தாள். கோடையில் நெசவு வீடுகளில் அப்படித்தான் செய்வார்கள். காற்று வறண்டால் பட்டு இழை படபடவென்று அறுந்துபோகும், தறியைச் சுற்றி ஈரம் இருந்தால் தாங்கும். சூப்பர்வைசருக்கு வாயெல்லாம் பல். நானும்தான் அவளைப் பாராட்டினேன்.

சில வாரங்கள் கழித்து ஒரு நாள் இழுத்துப் பார்க்கிற சோதனையில் கண்ணாடி தோற்றது. பசை காய்ந்த பிறகு அதன் ஒரு முனையைக் கத்தியால் கிளப்பி, இடுக்கியால் பிடித்து இழுப்போம். ஒழுங்காக ஒட்டியிருந்தால் பசை நடுவில் கிழியும், கண்ணாடியில் கறுப்பாக ஒட்டிக்கொண்டிருக்கும். அன்றைக்கு ஸ்டிக்கரை உரித்த மாதிரி முழுசாகக் கையோடு வந்துவிட்டது. அடியில் கண்ணாடி பளபளவென்று சுத்தமாக இருந்தது. ஓடுகிற பஸ்ஸில் அந்தக் கண்ணாடி கழன்று விழுந்தால் என்னவாகும் என்று நினைக்கவே பயமாக இருந்தது.

அந்தக் கண்ணாடியை ஒட்டிய அன்றைக்குத்தான் பிரைமரின் புது லாட்டை, அதாவது புதிதாக வந்த சரக்கை, திறந்திருந்தோம். அதனால் எல்லாரும் ஒரே குரலில், லாட் சரியில்லை, அனுப்பியவர்களிடமே திருப்பி அனுப்பிவிடலாம் என்றார்கள். வெள்ளிக்கிழமை மீட்டிங்கில் பேசி முடித்துவிடுவதாக ஏற்பாடு. புது லாட்டில் ஒட்டிய கண்ணாடிகளை மட்டும் தனியே எடுத்து வைத்தார்கள். பழைய லாட்டில் ஒட்டி ஏற்கெனவே சோதனையில் தேறியவை, சில வாரமாக வண்டி வராததால், வெளியே யார்டில் காத்திருந்தன.

வியாழக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் அவள் நான் கண்ணாடி ஒட்டுகிற ஹாலுக்கு வந்து, "அக்கா, ஒரு நிமிஷம் வாங்களேன்" என்றாள். போனேன். நிறமில்லாத பிரைமர் சாம்பிள் ஒன்று சோதனை அறையில் இருக்கும். அதைக் கேட்டு வாங்கி இரண்டு கப்பில் ஊற்றியிருந்தாள். ஒன்று மூடி போட்டது. இன்னொன்று திறந்தபடி, அவள் வழக்கமாக பிரஷ் தோய்க்கிற பிரைமர் கப்பை வைக்கிற இடத்தில், நனைந்த சாக்குக்கு ஒட்டினாற்போல் இருந்தது. மூடிய கப்பில் திரவம் தெளிவாக இருந்தது. திறந்த கப்பு கஞ்சித் தண்ணீர் மாதிரி கலங்கி, அடியில் வெள்ளையாக ஏதோ படிந்திருந்தது.

"காலையில வச்சேங்க்கா. இப்ப இப்பிடி இருக்குது."

"நாம யூஸ் பண்றது கறுப்பாச்சே" என்றேன்.

"அதாங்க்கா. கலங்கினாலும் கண்ணுக்குத் தெரியல. கப்புலயே தண்ணி பட்டு எல்லாம் சிலனாலா ஆயிடுது. கண்ணாடிக்குப் போறதுக்கு முன்னாடியே ஒண்ண ஒண்ணு புடிச்சிக்கினு உக்காந்துக்கினு இருக்குது. அப்புறம் கண்ணாடியப் புடிக்கிறதுக்கு கை எங்க இருக்குது?"

நான் அந்தக் கப்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். நான் இத்தனை வருஷமாகக் கொஞ்சிக்கொண்டிருக்கிற வார்த்தை, அங்கே வெள்ளை வண்டலாகக் கிடந்தது. சிலனாலுக்கு ஈரம் வேண்டும், ஆனால் கண்ணாடியின் மேல் போய்ச் சேர்ந்த பிறகு வேண்டும். கப்பிலேயே கிடைத்தால் அது தனக்குள்ளேயே முடிந்துபோகும். சுவரில் இருந்த மீட்டர் அறையின் ஈரத்தைத்தான் காட்டியது, சாக்குக்குப் பக்கத்தில் இருந்த கப்பின் ஈரத்தை யார் பார்த்தார்கள்?

"யாருகிட்டயாவது சொன்னியா?" என்று கேட்டேன்.

"இல்லக்கா."

"சொல்லாத. சாக்க கழட்டிப் போட்டுட்டு வாய மூடிக்கினு இரும்மா. இந்த மாசம் உனக்கு கன்ஃபர்மேஷன். லாட்டு மேலதான் எல்லாரும் பழி போடுறாங்க இல்ல, போட்டுக்கினு போவட்டும்."

"அப்ப யார்டுல நிக்குறதுங்க்கா?"

"அது பழைய லாட்டு. டெஸ்ட்ல பாஸ் ஆயிடுச்சு."

"டெஸ்டுக்கு நாம எப்பவும் காலையில ஒட்டினதத்தான எடுக்குறோம், புது லாட்டு தெறந்த அன்னிக்கி மட்டும்தான் சாயங்காலம் ஒட்டினது போச்சு. காலையில கப்பு புதுசா இருக்கும். மத்த நாள்ல சாயங்காலம் ஒட்டினத யாரு இழுத்துப் பாத்தா? சாக்கு தொங்கச்சொல்ல ஒட்டினது எல்லாம்தான் அங்க நிக்குது."

சாயங்காலத்துக் கண்ணாடிகள் வண்டியேறத் தயாராக நிற்பது எனக்கு உறைத்தது. ஆனாலும் மனசுக்குள் வேறு வழி தேடிக்கொண்டேதான் இருந்தேன். யார்டில் நிற்பதை நானே வேறு எதையாவது சொல்லி மறுபடி சோதனைக்கு எடுத்துவிடலாம், காரணம் யாருக்கும் தெரிய வேண்டாம் என்று சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். "காரணம் தெரியலன்னா அடுத்த கோடையில வேற யாராவது சாக்கு தொங்க விடுவாங்கக்கா" என்றாள். அவள் இடத்தில் நானாக இருந்தால் வாயைத் திறந்திருக்கவே மாட்டேன். இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன்.

வெள்ளிக்கிழமை மீட்டிங். மேனேஜர் சார், சூப்பர்வைசர், சோதனை அறைக்காரர்கள், நான், அவள். லாட்டைத் திருப்பி அனுப்புவதாக மேனேஜர் பேச்சை முடிக்கப் போகும்போது அவள் எழுந்தாள்.

"சார், லாட் நல்லாதான் இருக்குது. தப்பு என்னோடது."

இரண்டு கப்பையும் மேஜை மேல் வைத்தாள். சாக்கு போட்டதைச் சொன்னாள். ஏன் போட்டாய் என்று மேனேஜர் கேட்டதற்கு, "எங்க வீட்ல தறிக்கு அப்பிடித்தான் சார் போடுவோம். கோடையில இழை காஞ்சி அறுந்துடும். இங்கயும் மீட்டர் கம்மியா காட்டுச்சு, கை தானா அதையே செஞ்சிடுச்சு" என்றாள். ஓரத்தில் ஒருவர் சிரித்தார். நான் திரும்பி முறைத்த முறைப்பில் நிறுத்திக்கொண்டார்.

பிறகு போர்டில் சிலிக்கனுக்கு நான்கு கோடு போட்டு, சிலேன் எது, சிலனால் எது, சிலாக்சேன் எது என்று வரைந்து காட்டினாள். கண்ணாடியின் மேல் சேர்ந்தால் எப்படி, கப்புக்குள் சேர்ந்தால் எப்படி என்று இரண்டு படம். அந்த அறையில் பாதிப் பேர் தினமும் பாட்டில் லேபிளில் சிலேன் என்று படித்துவிட்டு மூடியைத் திருகுகிறவர்கள்தான். அன்றைக்குத்தான் அந்த வார்த்தைக்கு அர்த்தம் கிடைத்தது. குரல் நடுங்கிக்கொண்டேதான் இருந்தது அவளுக்கு. ஆனால் கோடு நேராக விழுந்தது. இவள் எங்கள் ஊர்ப் பெண் என்று எழுந்து கத்த வேண்டும் போலிருந்தது.

மேனேஜர் போர்டையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, சாக்கு தொங்கிய நாட்களில் ஒட்டிய எல்லாக் கண்ணாடியையும் நிறுத்தச் சொன்னார். கப்புக்கு மூடி, மத்தியானம் புது கப்பு, சாயங்காலக் கண்ணாடியிலும் சோதனை என்று அங்கேயே உத்தரவு போட்டார். கடைசியில் அவளைப் பார்த்து, "கன்ஃபர்மேஷன் இந்த மாசம் முடியாதும்மா. இன்னும் மூணு மாசம் போவட்டும்" என்றார்.

எனக்கு வந்த கோபத்தில் அவர் அறைக்கே போய்விட்டேன். "உண்மைய சொன்னதுக்கு தண்டனையா சார்? வாய மூடிக்கினு இருந்திருந்தா இந்நேரம் அந்தப் பொண்ணு பர்மனென்ட்" என்றேன். அவர் கத்தவில்லை. "தெரியுதும்மா. இவ்ளோ கண்ணாடி வேஸ்ட் ஆன மாசத்துல நான் எப்பிடி கையெழுத்து போட முடியும்? எனக்கும் மேல ஆளு இருக்குது" என்றார். நல்ல மனிதர்தான். அந்த நேரத்தில் அது எனக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

அன்று மத்தியானமே யார்டில் கண்ணாடிகளைப் பிரிக்க ஆரம்பித்தோம். ஒட்டிய கண்ணாடியைப் பிரிக்க ஒரு மெல்லிய கம்பியைப் பசைக்குள் நுழைத்து, உள்ளே ஒருத்தி வெளியே ஒருத்தி நின்று மாறி மாறி இழுக்க வேண்டும். ரம்பம் அறுக்கிற மாதிரி. எனக்கு அந்த வேலை கிடையாது, இருந்தாலும் கம்பியின் இன்னொரு முனையை நான் பிடித்துக்கொண்டேன். வெயில் மண்டையைப் பிளந்தது. சில கண்ணாடிகளில் பசை கெட்டியாகவே பிடித்திருந்தது, காலையில் ஒட்டியவையாக இருக்க வேண்டும். "இது நல்லாத்தான் இருக்குது, விட்டுடலாமே" என்றேன்.

"எது நல்லது எது கெட்டதுன்னு வெளிய தெரியாதுங்க்கா. எங்க வீட்ல ஊடை ஒண்ணு தப்பா போச்சுன்னா, அது வரைக்கும் நெய்ஞ்சதெல்லாம் பிரிச்சிட்டுதான் மறுபடி நெய்வோம். நடுவுல நல்லா இருக்குதேன்னு விட முடியாது" என்றாள். ஊடை என்றால் குறுக்கே ஓடுகிற நூல். சேலையில் அது ஒன்று பிசகினால் யாருக்குத் தெரியப்போகிறது என்று கேட்க வாயெடுத்தேன். அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் கம்பியை இழுத்தேன். சனிக்கிழமை சாயங்காலம்தான் கடைசிக் கண்ணாடி கழன்றது. கை விரல்கள் மடங்கவில்லை. பஸ்ஸில் அவள் துப்பட்டாவின் நுனியைத் திருகிக்கொண்டே வந்தாள். வீட்டில் சொல்ல வேண்டிய நேரம் அது என்று எனக்குத் தெரியும்.

திங்கட்கிழமை காலை செவிலிமேட்டில் பஸ் ஏறினதிலிருந்து எனக்கு இருப்பே கொள்ளவில்லை. அவள் வரமாட்டாள் என்றுதான் நினைத்தேன். மூன்று மாதத்தை மாமியாரிடம் எப்படிச் சொல்வாள், சொன்னால் அவர் என்ன சொல்வார் என்று வழியெல்லாம் நானே கேள்வியும் பதிலும் போட்டுக்கொண்டிருந்தேன். பிள்ளையார்பாளையம் நிறுத்தத்தில் பஸ் நின்றது. எட்டிப் பார்த்தேன். புருஷனின் வண்டியிலிருந்து இறங்கி ஓடி வந்தாள். மூச்சு வாங்கிக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். மடியில் பெரிய எவர்சில்வர் அடுக்கு கேரியர் இருந்தது. வழக்கமாக அவள் கொண்டு வருவது கையடக்கமான பிளாஸ்டிக் டப்பாதான்.

"வீட்ல சொன்னியா?"

"சொன்னேங்க்கா. எல்லாமே சொன்னேன்."

"மாமியார் என்ன சொன்னாங்க?"

"தறியில உக்காந்துக்கினு இருந்தாங்க. அப்புறம், 'ஒட்டுனத பிரிச்சிட்டீங்களா'ன்னு கேட்டாங்க. பிரிச்சிட்டோம்னேன். 'நல்லா இருந்ததையுமா'ன்னாங்க. நல்லா இருந்ததையும்தான்னு சொன்னேன்."

"சரி, அப்புறம்?"

"'அப்ப போய்ட்டு வா'ன்னாங்க. காலையில நான் எழுந்திரிக்கிறதுக்கு முன்னாடியே அவங்க சமைச்சி வச்சிட்டாங்கக்கா. 'கம்பி புடிச்ச அந்தக்காவுக்கும் சேத்து கட்டியிருக்குறேன், ரெண்டு பேரும் சாப்புடுங்க'ன்னு குடுத்தாங்க."

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். அவள் கேரியரை என் மடியில் வைத்தாள். இன்னும் சூடாக இருந்தது.